பாலில் உறைந்த சத்தம்

மாயாண்டியின் வாய் திறந்திருந்தது. முகம் சிவந்து, கழுத்து நரம்பு புடைத்து, கண்ணோரம் வழிந்த நீர் காதுக்குள் இறங்கிக்கொண்டிருந்தது. தொடையில் ஒரு கட்டெறும்பு கடித்தபடியே தொங்கியது. எட்டு மாதப் பிள்ளை எப்படி அழ வேண்டுமோ அப்படித்தான் அழுதுகொண்டிருந்தான். சத்தம் மட்டும் வரவில்லை.

பிள்ளைகளைப் பார்த்துக்கொள்ளும் ஆயா முத்தாயி முதலில் தன் காதைத்தான் சந்தேகப்பட்டாள். சுண்டுவிரலை விட்டுக் குடைந்துவிட்டு மறுபடி கவனித்தாள். வெயில் ஏறியதும் மரத்து உச்சியில் ரப்பர்க் காய்கள் ஒவ்வொன்றாக வெடிப்பதும், கொட்டைகள் ஆயாக் கொட்டகையின் தகரக் கூரையில் விழுந்து கடகடவென்று உருண்டு சாக்கடையில் போய்ச் சேர்வதும், ஸ்டோர்ப் பக்கம் யாரோ வாளியைக் கழுவிக் கவிழ்ப்பதும், அதற்கும் அப்பால் லிங்கி ஆற்றில் போகும் படகின் துடுப்பு தண்ணீரை அறைவதும் கேட்டன. ஊர்ச் சத்தமெல்லாம் ஒழுங்காகக் கேட்டது. கைக்கெட்டும் தூரத்தில் ஒரு பிள்ளை தொண்டை கிழியக் கத்துவது மட்டும் கேட்கவில்லை.

எறும்பைப் பிய்த்து எறிந்தாள். கடிவாயில் எச்சில் தொட்டுத் தடவினாள். மார்போடு அணைத்தபோது அவனுடைய சின்ன விலா எம்பி எம்பித் தணிவது கைக்குத் தெரிந்தது. அவன் வாயிலிருந்து சூடாக ஏதோ அவள் கழுத்தில் பட்டது. வெறும் மூச்சு.

ஆறு நாளைக்கு முன்னால் இவனை இடுப்பில் தூக்கிக்கொண்டு பழைய புகைக்கொட்டகைக்குப் போனவள் அவளேதான். யாரும் அவளைக் கயிறு கட்டி இழுத்துக்கொண்டு போகவில்லை.

அது ஆயிரத்துத் தொள்ளாயிரத்து இருபத்தேழாம் வருஷம். ரப்பர்த் தோட்டத்தில் விடிவதற்கு முன்பே பெரட்டு, ஆள் கணக்கெடுப்பு, நடக்கும். கங்காணி பெயர் கூப்பிட்டு முடித்ததும் பெண்கள் கைக்குழந்தைகளை ஆயாக் கொட்டகையில் போட்டுவிட்டுப் பால் வெட்ட ஓடுவார்கள். ஒவ்வொருத்தியும் தன் பழைய சேலையைத்தான் தொட்டிலாகக் கட்டியிருப்பாள். தாயின் வேர்வை வாசம் இருந்தால் பிள்ளை ஏங்காது என்பது அவர்கள் கணிப்பு. பதினோரு மணிக்கு ரப்பர்ப் பால் நிறைந்த வாளியோடு திரும்பும்போது, கொட்டகை கண்ணில் படுவதற்கு முன்பே அழுகை காதில் விழும். ஒரு டஜன் பிள்ளை சேர்ந்து கத்தினாலும் அதில் எது தன்னுடையது என்று ஒவ்வொருத்திக்கும் தெரியும். கேட்ட மாத்திரத்தில் மார்பு சுரந்து ரவிக்கை நனைந்துவிடும். வாளியை ஸ்டோரில் வைத்துவிட்டு ஓட்டமாய் வருவார்கள்.

அந்த அழுகைதான் முத்தாயிக்குச் சூசா, பெருந்தொல்லை. பிள்ளைகள் அழுதால் அவ்வழியாகக் குதிரையில் போகும் தொரை முகத்தைச் சுளிப்பார். அவர் சுளித்தால் கங்காணி வந்து அவள் பரம்பரையையே இழுத்துத் திட்டுவான். பத்து நாளாகத்தான் அவளுக்கு நல்ல பெயர். கொட்டகை அமைதியாக இருக்கிறது, ஆயா கெட்டிக்காரி என்று தொரையே சொன்னாராம். இன்று காலையில்கூட மாயாண்டியின் தாய் மாரியம்மா அவள் கையைப் பிடித்துக்கொண்டாள்.

“ரெண்டு ராத்திரியா அசையாம தூங்குறான் ஆயா. மொதல்ல தொண்ட கட்டுன மாதிரி இருந்துச்சு, டிரஸ்ஸர் பொடி குடுத்தாரு. இப்ப அழுகையே இல்ல. எம் புருசங்கூட வையல. எல்லாம் ஒங்க கைராசிலா.”

கைராசி. முத்தாயி அப்போது தலையாட்டிச் சிரித்தாள். இப்போது நினைத்தால் நாக்கைப் பிடுங்கிக்கொள்ளலாம் போலிருந்தது.

தூணோரம் அவளுடைய மகள் பஞ்சாலை, ஐந்து வயதுக்காரி, ரப்பர்க் கொட்டைகளை வரிசையாக அடுக்கிக்கொண்டிருந்தாள். பிறந்தபோதே அழாத பிள்ளை. காது நன்றாகக் கேட்கும்; பூனை நடந்தால்கூடத் திரும்பிப் பார்ப்பாள். வாயைத் திறந்தால் ஒன்றும் வராது. தகப்பன் அவள் தவழ்வதற்கு முன்பே காய்ச்சலில் போய்ச் சேர்ந்தான். முத்தாயி வேண்டாத சாமியில்லை; மந்தின் பசார்க் கடைத்தெருவுக்கு வந்த நாட்டு வைத்தியன் ஒருவன் கொடுத்த வசம்பை நாக்குப் பொத்துப்போகும் வரை தேய்த்தும் பார்த்துவிட்டாள். கண்ணை மூடுவதற்குள் ஒரே ஒரு தடவை மகள் ‘அம்மா’ என்று கூப்பிடக் கேட்டுவிட வேண்டும். அவள் உலகத்தில் வேறெதுவும் கேட்கவில்லை. அவ்வளவு கொஞ்சமாகக் கேட்கிறவர்கள் அதற்காக எதையும் செய்துவிடுகிறார்கள்.

தோட்டத்து ஆஸ்பத்திரி டிரஸ்ஸர் ராமகிருஷ்ணனுக்கு அது தெரிந்திருந்தது. டாக்டருக்குப் படிக்கப் போய்ப் பாதியில் திரும்பிய ஆள். காய்ச்சலுக்குக் கொய்னா மாத்திரை கொடுப்பதும் புண்ணுக்கு மருந்து கட்டுவதுமாக ஆயுள் கழிகிறதே என்று உள்ளுக்குள் வெந்துகொண்டிருந்தவர். ஒருநாள் பஞ்சாலையின் நாக்கை இழுத்துப் பார்த்துவிட்டு, “நாக்கு நல்லாத்தான் இருக்கு. வெளிச்சந்தான் இல்ல” என்றார்.

“வெளிச்சமா ஐயா?”

“சத்தம்னா என்னான்னு நெனைக்கிற முத்தாயி? காத்துன்னு நெனைக்கிற. அது வெளிச்சம். வாயிலேர்ந்து வர்ற வெளிச்சம். நம்ம கண்ணுக்குப் புடிபடாது. தண்ணியில பட்டாத் தெரியும். வா, காட்டுறேன்.”

ஆயாக் கொட்டகைக்குப் பின்னால் பழைய புகைக்கொட்டகை இருந்தது. ஆற்றோரம் புதிது கட்டியபின் இதில் யாரும் ரப்பர் காயப்போடுவதில்லை. பட்டப்பகலிலும் உள்ளே கும்மிருட்டு. பலகைச் சுவரில் புகைக் கீல் படிந்து ஒட்டியது. புளித்த பாலும் பழைய புகையும் கலந்த வாடை தொண்டையைக் கமறியது. கூரைத் தகரத்தில் ஓர் ஆணி ஓட்டை. அதன் வழியாக நூல்போல வெயில் இறங்கி, கண்ணாடித் தொட்டியில் இருந்த தண்ணீரில் பட்டு, கீழே வெள்ளைத் தட்டில் விழுந்தது. தண்ணீர்மேல் ஒரு பித்தளைப் புனல். அதன் குறுகின வாயில் ஆட்டுச் சவ்வு இழுத்துக் கட்டியிருந்தது.

ராமகிருஷ்ணன் புனலுக்குள் குனிந்து ‘அ’ என்றார். வெயில் நூல் மஞ்சளாயிற்று, அரைத்த மஞ்சளின் நிறம். ‘இ’ என்றார், வெற்றிலைக் கொழுந்தின் பச்சை. ‘உ’ என்றதும் சலவை நீலம். உதட்டை மூடி ‘ம்’ என்றபோது தட்டு முழுவதும் சிவப்பு பரவியது. முத்தாயி வாயைப் பிளந்துகொண்டு நின்றாள்.

“இப்ப நீ சொல்லு. பொய் கலக்காத வார்த்தையா ஒண்ணு சொல்லு.”

அவள் குனிந்து மகளின் பெயரைச் சொன்னாள். ‘பஞ்சாலை.’ சிவப்பில் தொடங்கி மஞ்சளுக்கும் பச்சைக்கும் ஓடி, தண்ணீருக்குள் அந்தப் பெயர் ஒரு கணம் நின்று நடுங்கியது. அவ்வளவு அழகான ஒன்றை அவள் அதுவரை பார்த்ததில்லை, அழுதுவிட்டாள். கீழே தட்டில் அவர் அன்று வெட்டிய ரப்பர்ப் பாலை ஊற்றி, அதில் பாலை உறையவைக்கிற திராவகம் நாலு சொட்டு விட்டிருந்தார். பால் உறைந்து முடிந்தபோது நிறங்கள் அதற்குள்ளேயே தங்கிவிட்டன. அந்த ஷீட்டை இரண்டு விரலால் தூக்கி மூங்கிலில் தொங்கவிட்டார்.

“போட்டோ புடிக்கிற மாதிரிதான். ஆளுக்கு ஒண்ணும் ஆவாது” என்றார்.

ஒன்றும் ஆகவில்லை என்றுதான் அவளும் வைத்துக்கொண்டாள். ஆனால் அன்றைக்குப் பிறகு மகளைப் பெயர் சொல்லிக் கூப்பிட வாய் வரவில்லை. உதடு கூடும், நாக்கு எழும்பும், அவ்வளவுதான். களைப்பு என்று தனக்குத்தானே சொல்லிக்கொண்டு, கை தட்டிக் கூப்பிடப் பழகினாள். கை தட்டினால் பஞ்சாலை ஓடி வருவாள். நியாயமான மனுசிக்கு அந்த ஓர் அடையாளம் போதும். முத்தாயிக்கு நியாயத்தைவிட ஆசை பெரிதாக இருந்தது.

பஞ்சாலையின் வாயைப் புனலில் வைத்துப் பார்த்தபோது வெயில் வெள்ளையாகவே இருந்தது. இவளுக்கு நிறத்தை வெளியிலிருந்துதான் ஊற்ற வேண்டும் என்றார் டிரஸ்ஸர். பெரியவர்கள் சத்தம் உதவாதாம்; பொய் பேசிப் பேசிக் கலங்கிப் போயிருக்குமாம். கைக்குழந்தையின் அழுகைதான் சுத்தம். முத்தாயியிடம் பன்னிரண்டு கைக்குழந்தைகள் இருந்தன. ஒன்பது மணி வெயில் ஓட்டையில் நேராக விழும். தாய்மார்கள் காட்டில் இருப்பார்கள். அவள் பிள்ளையைப் பிடித்துக்கொள்வாள். அவர் உள்ளங்காலில் நகத்தால் சுண்டுவார். வீறிட்ட அழுகை புனலில் இறங்கி, எல்லா நிறமும் ஒன்றாய்ப் புரண்டு தட்டில் விழும். பத்து நாளில் ஏழு பிள்ளை.

இப்போது மாயாண்டியைத் தோளில் சாய்த்துக்கொண்டு அவள் புகைக்கொட்டகைக்குக் கொண்டுபோன அடுத்த பிள்ளையின் தொட்டிலுக்குப் போனாள். பிள்ளை தூங்கிக்கொண்டிருந்தது. சேலையை விலக்கினாள். தொடையில் கிள்ளினாள்.

வாய் திறந்தது. கண்ணில் நீர் முட்டியது. ஒன்றும் கேட்கவில்லை.

அடுத்த தொட்டில். அதிலும் கிள்ளினாள். அதற்கடுத்தது. ஆறு தொட்டில்கள் அவள் முன்னால் ஆடின. ஆறிலும் கையும் காலும் உதைத்தன; ஏழாவது அவள் தோளில். கூரையில் ரப்பர்க் கொட்டை உருளும் சத்தம் மட்டுமே கேட்டது. பஞ்சாலை அடுக்குவதை நிறுத்திவிட்டு நிமிர்ந்து பார்த்துக்கொண்டிருந்தாள்.

மாயாண்டியை இடுப்பில் இறக்கிக்கொண்டு புகைக்கொட்டகைக்கு ஓடினாள். கதவு பூட்டியிருந்தது. பலகை இடுக்கில் கண்ணை வைத்தாள். ஆணி ஓட்டையைத் துணி வைத்து அடைத்திருந்தது. வெயில் உள்ளே வர வழியில்லை. ஆனாலும் உள்ளே வெளிச்சம் இருந்தது. மூங்கிலில் தொங்கிய ஷீட்டுகள் தாமாகவே எரிந்தன, அணைந்தன. ஒன்று மட்டும் மற்றவற்றைவிட வேகமாக. மஞ்சளாகப் பொங்கியது, இருண்டது, பொங்கியது, நடுவில் ஒரு விக்கல்போலத் துடித்தது, இருண்டது. முத்தாயி மெல்லத் தலையைத் திருப்பி இடுப்பில் இருந்தவனைப் பார்த்தாள். அவன் வாய் திறந்தபோது பலகை இடுக்கில் மஞ்சள். அவன் மூச்சிழுத்தபோது இருட்டு. அவன் விக்கியபோது அதுவும் விக்கியது.

“பாத்துட்டியா?”

பின்னால் ராமகிருஷ்ணன் தட்டும் கையுமாக நின்றார்.

“எரியுதே ஐயா அது.”

“எரியத்தான் செய்யும். புள்ள அழுவுதுல்ல.”

“போட்டோ மாதிரின்னு சொன்னீங்களே!”

“சொன்னேன். நீயும் நம்புன மாதிரி இருந்துக்கிட்ட.” அவர் முகத்தில் வெட்கமும் இல்லை, கோபமும் இல்லை. “ஒம் மக பேரை நீ சொல்லி எத்தன நாளாச்சு? அன்னிக்கே வந்து கேட்டிருக்கலாமே. ஏன் கேக்கல?”

அவள் மாயாண்டியை இடுப்பிலிருந்து தோளுக்கு மாற்றிக்கொண்டாள்.

“திருப்பிக் குடுத்துருங்க ஐயா. ஒங்களுக்குப் புண்ணியமாப் போவும். ஏழும் வாயில்லாத புள்ளைங்க.”

“எடுத்த ஒடம்புல திரும்ப எறங்காது. வேற ஒடம்புலதான் எறங்கும். விட்டுட்டா, இந்த ஷீட்டெல்லாம் காஞ்சு கறுத்துரும். அதுங்களுக்கும் இல்ல, ஒம் மகளுக்கும் இல்ல.” கதவைத் திறந்தபடியே சொன்னார், “இன்னும் ஒரே ஒரு சத்தந்தான் பாக்கி. இதுங்க வெறும் அழுகை. ஒதட்ட மூடித் தொறந்து பேசத் தெரிஞ்ச கைப்புள்ள ஒண்ணு வேணும். அந்தச் செவப்பு கெடச்சா முடிஞ்சுது. யோசிச்சு வை.”

பதினோரு மணிக்குள் முத்தாயி ஏழு பிள்ளைக்கும் சர்க்கரைத் தண்ணீரைத் துணியில் நனைத்து வாயில் வைத்துத் தூங்கப்பண்ணிவிட்டாள். தாய்மார்கள் வந்து தூங்கும் பிள்ளையை அள்ளி மடியில் போட்டுக்கொண்டு, ஆயாவை வாய் நிறைய வாழ்த்தினார்கள். அவள் ஒவ்வொரு வாழ்த்தையும் நின்று வாங்கிக்கொண்டாள்.

கடைசியாக ராக்கம்மா ஓடி வந்தாள். பக்கத்து லயத்து வீட்டுக்காரி. முத்தாயி பிள்ளை பெற்றுக் குளிர்காய்ச்சலில் கிடந்த நாற்பது நாளும் பஞ்சாலைக்குத் தன் பாலைக் கொடுத்துக் காப்பாற்றியவள். அவளுடைய வள்ளிநாயகிக்கு இப்போது பத்து மாதம். முத்தாயி இதுவரை தொடாமல் வைத்திருந்த ஐந்தில் ஒன்று.

“அக்கா! காலையில கெளம்புறப்ப வள்ளி என்னப் பாத்து ‘ம்மா’ன்னுச்சு அக்கா! ஒருவாட்டி இல்ல, ரெண்டுவாட்டி! மரத்தடியில வெட்டுறப்பல்லாம் எனக்கு அதே நெனப்புதான், போங்க!” சொல்லிவிட்டுத்தான் தூணோரம் பஞ்சாலை இருப்பது அவள் கண்ணில் பட்டது. முகம் சுண்டிப் போயிற்று. சட்டென்று பஞ்சாலையை இழுத்து அணைத்துக்கொண்டாள். “ஒங் கண்ணும் ஒருநாளு கூப்புடும் அக்கா. பாத்துக்கிட்டே இருங்க.”

“கூப்புடும்” என்றாள் முத்தாயி.

அன்று இரவு அவள் தூங்கவில்லை என்று சொன்னால் கதை கேட்பவர்களுக்கு ஆறுதலாக இருக்கும். அவள் நன்றாகத் தூங்கினாள்.

மறுநாள் ஒன்பது மணிக்கு வள்ளியைத் தூக்கிக்கொண்டு, பஞ்சாலையைக் கையில் பிடித்துக்கொண்டு புகைக்கொட்டகைக்குள் நுழைந்தாள். இந்தத் தடவை தெரியாமல் செய்கிறோம் என்ற சாக்குக் கிடையாது. வாடை நேற்றைவிடக் கனமாக இருந்தது. மூங்கிலில் ஏழு ஷீட்டும் எரிந்து அணைந்துகொண்டிருக்க, கீல் படிந்த சுவர்களில் மஞ்சளும் பச்சையும் நீலமும் ஏறி இறங்கின. ஓரத்தில் எட்டாவதாக ஒரு சின்ன ஷீட்டு, அசையாமல். அது அவள் மகளின் பெயரைச் சொன்ன அன்று உறைந்தது. கறுக்கத் தொடங்கியிருந்தது.

வள்ளியைப் புனலுக்கு நேரே பிடித்ததும் ராமகிருஷ்ணன் உள்ளங்காலில் சுண்டினார். வள்ளி அழவில்லை, தனக்குத் தெரிந்த ஆயாவின் இடுப்பில் இருக்கிறோம் என்ற தைரியத்தில் பொக்கை வாயால் சிரித்தாள்.

“அழுவ வேணாம். கூப்புட வை” என்றார் அவர்.

எப்படிக் கூப்பிட வைப்பது? முத்தாயிக்குத் தெரியும். ஐந்து வருஷம் தன் மகளிடம் ஆடிப் பார்த்துத் தோற்ற விளையாட்டுதான். முந்தானையால் முகத்தை மூடினாள். வள்ளி தேடினாள். முந்தானையை விலக்கினாள். வள்ளி கெக்கலித்தாள். மறுபடி மூடினாள். நேரம் கொஞ்சம் கூடுதலாக மூடியே வைத்திருந்தாள். துணிக்கு அப்பால் பிள்ளையின் மூச்சு தயங்குவது கேட்டது. உதடு ஒட்டுவது கேட்டது.

“ம்மா.”

முந்தானை நழுவியது. வள்ளி அவளைத்தான் பார்த்துக்கொண்டிருந்தாள். வாழ்நாளில் முதல் தடவையாக ஒரு பிள்ளை முத்தாயியை அம்மா என்று கூப்பிட்டது. அந்தச் சொல் சிவப்பாய் எழும்பி மஞ்சளாய் விரிந்து, தண்ணீருக்குள் இறங்கி, தட்டில் இருந்த பாலில் விழுந்து, அவள் கண்ணெதிரிலேயே உறைந்தது.

அழ நேரமில்லை. டிரஸ்ஸர் கூரைத் துணியை முழுதாக விலக்கினார். பிள்ளைகளின் எட்டு ஷீட்டுகளை மட்டும் ஒன்றன்மேல் ஒன்றாகச் சேர்த்து வெயிலுக்கு முன்னால் பிடித்தார். “வாயத் தொற.” பஞ்சாலை திறந்தாள். எட்டுப் பிள்ளைகளின் நிறமும் ஒரே கற்றையாக அவள் நாக்கில் விழுந்து, தொண்டைக்குள் இறங்கியது. கழுத்துத் தோலுக்கு அடியில் வெளிச்சம் தெரிந்தது. ஷீட்டுகள் வெளுத்துக்கொண்டே வந்தன. கடைசியில் சாதாரண ரப்பர்.

“பேசு கண்ணு. பேசுடி.”

பஞ்சாலை வாயை மூடிக்கொண்டாள்.

“பறக்காத முத்தாயி” என்றார் ராமகிருஷ்ணன், தட்டைக் கழுவியபடியே. “உள்ள எறங்கிருச்சு. அம்மாவப் பாத்தா தானா வரும்.” கை துடைத்துக்கொண்டு ஆஸ்பத்திரிக்குப் போய்விட்டார். திரும்பிக்கூடப் பார்க்கவில்லை.

அம்மாவைப் பார்த்தால் தானாக வரும். முத்தாயி ஆயாக் கொட்டகையின் சிமெண்டுத் தரையில் மகளுக்கு நேர் எதிரே உட்கார்ந்தாள். சர்க்கரைத் தண்ணீர் காய்ச்ச மறந்துபோயிற்று. பின்னால் தொட்டில்கள் ஆடத் தொடங்கின.

“நாந்தான்டி. என்னப் பாரு.”

பஞ்சாலை பார்த்தாள், தூணைப் பார்ப்பதுபோல. பிறகு தலையைத் திருப்பிக் காட்டுப் பக்கம் பார்த்தபடி உட்கார்ந்திருந்தாள்.

பத்து மணி ஆயிற்று. காய்கள் வெடித்தன. கொட்டைகள் உருண்டன. பிள்ளையின் கழுத்துக்கு அடியில் ஏதோ ஏறி இறங்கியது, மஞ்சள், இருட்டு, மஞ்சள். முத்தாயி அவள் தாடையைப் பிடித்துத் திருப்பினாள். தாடை சூடாக இருந்தது. விட்டதும் முகம் மறுபடி காட்டுப் பக்கம் போயிற்று.

“ஒரே ஒருவாட்டி. ஒரே ஒருவாட்டி சொல்லிட்டு அப்பறம் ஊமையாவே இருந்துக்க. நான் கேக்க மாட்டேன்.”

ஒன்றுமில்லை.

பதினோரு மணி. தூரத்தில் வாளி மோதும் சத்தம். பேச்சுக்குரல். சருகு மிதிபடும் சத்தம். முன்னால் வந்தது மாரியம்மா.

பஞ்சாலை எழுந்து நின்றாள். வாயைத் திறந்தாள்.

மாயாண்டி அழுதான்.

அதே கரகரப்பு. நடுவில் அதே விக்கல். பஞ்சாலையின் வாயிலிருந்து அது மஞ்சளாக வந்தது, நடுப்பகல் வெயிலிலும் தெரியும்படி. மாரியம்மாவின் ரவிக்கை நனைந்தது. வாளியைப் போட்டாள், பால் மண்ணில் ஓடியது. ஓடி வந்து தொட்டிலை விலக்கினாள். மாயாண்டி வாயைத் திறந்துகொண்டு கிடந்தான், சத்தமில்லாமல். அழுகை அவளுக்குப் பின்னாலிருந்து கேட்டது.

அவள் திரும்பினாள்.

இரண்டாமவள் வந்தாள். பஞ்சாலை அவளைப் பார்த்தாள். வேறொரு அழுகை, நீலமாக. மூன்றாமவள். நாலாமவள். ஒவ்வொருத்தியும் நின்றாள். ஒவ்வொருத்தியின் மார்பும் சுரந்தது. ஒருத்தியும் தொட்டிலைப் பார்க்கவில்லை. காது எங்கே இழுத்ததோ, கால் அங்கே போயிற்று. தொடாத நாலு பிள்ளைகளின் தாய்மார் மட்டும் தங்கள் பிள்ளையை அள்ளிக்கொண்டு லயத்துப் பக்கம் போனார்கள்.

கடைசியில் ராக்கம்மா.

“ம்மா” என்றாள் பஞ்சாலை. சிவப்பாக. இரண்டு கையையும் நீட்டிக்கொண்டு அவளிடம் நடந்தாள். “ம்மா. ம்மா.”

ராக்கம்மா சிரித்தாள், நேற்றுச் சிரித்த அதே சிரிப்பு. மண்ணில் உட்கார்ந்து மடியை விரித்தாள். பஞ்சாலை அதில் ஏறிப் படுத்தாள்.

அது என் மகள் என்று சொல்ல வேண்டும். பெயரைச் சொல்லிக் கூப்பிட்டால் திரும்புவாள். முத்தாயியின் உதடு கூடியது. நாக்கு எழும்பியது.

வரவில்லை.

கை தட்டினாள். பஞ்சாலை திரும்பவில்லை. இன்னும் பலமாகத் தட்டினாள்.

மற்ற ஏழு பேரும் மடியை விரித்து, நனைந்த ரவிக்கையோடு, தங்கள் முறைக்காகச் சுற்றி உட்கார்ந்தார்கள். பின்னால் எட்டுத் தொட்டில்கள் ஆடின. எட்டு வாய்கள் திறந்திருந்தன. முத்தாயி கை தட்டிக்கொண்டே இருந்தாள். கொட்டகையில் கேட்ட ஒரே சத்தம் அதுதான்.